ஐந்து கட்டடங்களுக்கு ஒரே கடவுச்சொல்

மே மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பத்தேகாலுக்கு, வாசல் மண்டபத்துக் கமரா மெல்லத் திரும்பிக் கொட்வினைப் பார்த்தது.

அவர் அப்போது தரையைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஒரு சின்ன மோட்டர் சத்தம், தையல் மெசினை ஒரு தரம் மட்டும் மிதித்துவிட்டதுபோல. நிமிர்ந்தார். தெருக்கதவைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டிய கமரா, அவருடைய வாசல் அறையின் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருந்தது. துடைப்பத்தைச் சுவரில் சாத்திவிட்டு, ஏணி வைத்து ஏறி, கையால் திருப்பிப் பழைய இடத்தில் விட்டார். ஏதோ பழுது என்று நினைத்தார். மதியச் சாப்பாட்டுக்குள் அது மறுபடியும் திரும்பியிருந்தது.

கொட்வினுக்கு ஐம்பத்து மூன்று வயது. மன்னார்க்காரர். இத்தாலியில் பலேர்மோவுக்கு வந்து இருபத்தாறு வருடம். முதல் நான்கு வருடம் ஓர் உணவகத்தின் பின்கட்டில் கோப்பை கழுவினார். அடுத்த எட்டு வருடம் மூன்று சிஞ்ஞோராக்களின், அதாவது வீட்டுக்கார அம்மாக்களின், வீடுகளைத் துப்புரவாக்கினார். கடைசிப் பதினான்கு வருடமாக ஒரேத்தோ பகுதியில் ஓர் ஆறுமாடிக் கட்டடத்துக்குப் போர்த்தியேரே. வாயிற்காவலர் என்று சொல்லலாம், ஆனால் காவல் அந்த வேலையில் கால்வாசிதான். ஏழரைக்குத் தெருக்கதவு, எட்டுக்குப் படிக்கட்டு, பத்துக்கு மண்டபம், பதினொன்றுக்குக் கடிதங்கள். நடுவில் பொதிகள், குப்பைத் தொட்டிகள், மின்தூக்கிக்குள் அகப்பட்டவர்கள், ஒவ்வொரு மாடியும் மற்ற மாடியைப் பற்றிச் சொல்லும் முறைப்பாடு. இருபத்திரண்டு வீடுகளின் மாற்றுச் சாவிகளும் அவர் பொறுப்பு. வாசல் அறையின் பின்சுவரில் ஒரு பலகை. அதில் மாடி வாரியாகக் கொழுவியிருக்கும்.

அந்தச் சுவருக்குப் பின்னால் இரண்டு அறையும் ஒரு குசினியும். அவரும் மனைவி அமலினியும் மகள் மரியாவும் இருப்பது அங்கேதான். வீடு வேலையோடு வந்தது. வேலை போனால் வீடும் போகும். பதினான்கு வருடத்தில் ஒரு நாளும் கொட்வின் இதை மறந்ததில்லை.

கமராக்கள் வந்தது பெப்ரவரியில். கட்டடத்தின் நிர்வாகி டொட்டோர் காலாந்திரா ஒரு காலை ஒன்பது மணிக்கு ஓர் ஆளைக் கூட்டிவந்தார். அந்த ஆள் மண்டபத்தில் ஒன்று, பின்முற்றத்தில் ஒன்று, மின்தூக்கி வாசலில் ஒன்று பொருத்தினார். வாசல் அறை மேசைக்குக் கீழே ரெக்கோடரை வைத்தார். தெருக்கதவின் பூட்டையும் அதோடு இணைத்தார். இனித் தொலைபேசியில் ஒரு பொத்தானை அழுத்தினால் கதவு திறக்கும். ரெக்கோடரின் அடியில் தொழிற்சாலை ஒட்டிய ஸ்டிக்கர் இருந்தது. பயனர் பெயர் அட்மின். கடவுச்சொல் 12345.

"இதை மாற்ற வேண்டாமா?" என்று கொட்வின் இத்தாலியனில் கேட்டார்.

"மாற்றலாம், பிறகு," என்றார் அந்த ஆள், ஒரு காலைத் தெருவில் வைத்தபடி. "இது உங்களுக்கும் மறக்காது, எனக்கும் மறக்காது."

காலாந்திராவுக்கு ஒரேத்தோவுக்கும் ரயில் நிலையத்துக்கும் இடையில் ஐந்து கட்டடங்கள். ஐந்திலும் அதே ஆள், அதே ரெக்கோடர், அதே ஸ்டிக்கர். ஐந்திலும் போர்த்தியேரேக்கள் தமிழர்கள், ஒரே கத்தோலிக்கப் பங்கைச் சேர்ந்தவர்கள். ஒருவர் இன்னொருவரைச் சேர்த்துவிட, அவர் அடுத்தவரைச் சேர்த்துவிட, அப்படி அமைந்தது. ஊருக்குப் போவதும் முறை வைத்துத்தான். ஒருவர் ஏப்ரலில், ஒருவர் மடுத் திருவிழாவுக்கு ஆவணியில், இன்னொருவர் டிசம்பரில் நத்தாருக்கு. போகிற ஆளின் கட்டடத்தை ஒரு மாற்றாள் பார்ப்பார். ஐந்துக்கும் ஒரே மாற்றாள்தான்: றோபேட். நாற்பத்தைந்து வயது, தனி ஆள், பிரான்காச்சோவில் ஓர் அலுமினிய யன்னல் பட்டறையில் வேலை. ஊருக்குப் போகிறவர்கள் கூப்பிட்டால் பட்டறையில் விடுப்புச் சொல்லிவிட்டு வந்து நிற்பார்.

மார்ச்சில் ஒரு ஞாயிறு, பூசை முடிந்து கோயில் முற்றத்தில் நின்றபோதுதான் அந்தப் பேச்சு வந்தது. ஏப்ரலில் ஊருக்குப் போக இருந்த தனேஸ், தன் கட்டடத்து ரெக்கோடருக்குப் புதிய கடவுச்சொல் வைக்கப்போவதாகச் சொன்னார். றோபேட் கையெடுத்துக் கும்பிட்டார்.

"அண்ணை, எனக்கு இருக்கிறது ஒரு மண்டை. அஞ்சு கட்டடத்துக்கு அஞ்சு பாஸ்வேட் எண்டால் நான் எங்கை வைக்கிறது? தொப்பிக்குள்ளையோ?"

"உன்ரை மண்டையிலை ஒண்டே நிக்காது," என்றார் தனேஸ். "போன வருசம் மூண்டாம் மாடிக் கடிதத்தைக் கொண்டுபோய் அஞ்சாம் மாடியிலை குடுத்த ஆள்தானே நீ."

"அந்த அஞ்சாம் மாடிச் சிஞ்ஞோராவுக்கு ஒருத்தரும் கடிதம் போடுறேல்லை. பாவமெண்டு குடுத்தனான்."

எல்லோரும் சிரித்தார்கள். கொட்வின்தான் முடிவைச் சொன்னார்: "ஒருத்தரும் ஒண்டையும் மாத்த வேண்டாம். வந்த நம்பரையே விடுவம். ஆர் போனாலும் ஆர் வந்தாலும் தெரியும்." ஐந்து பேரும் தலையாட்டினார்கள். ஒருவருடைய வீட்டை இன்னொருவர் காப்பாற்றும் ஏற்பாடு அது. மாற்றாள் வெளியே அகப்பட்டு நின்றால் அந்த நிமிடமே நிர்வாகிக்குத் தொலைபேசி போகும். போர்த்தியேரே இல்லாமலும் கட்டடம் ஓடுமா என்று யோசிக்க அவருக்கு வாய்ப்பு வந்துவிடும். அதே யோசனையில்தான் கொட்வின் வாசல் அறையின் சாவியையும் மண்டபத்துக் காஸ் மீற்றர் பெட்டிக்கு மேலேயே வைப்பார். மாற்றாள் தேடக் கூடாது.

மே மாதம் முழுக்கக் கமரா திரும்பிக்கொண்டிருந்தது. காலாந்திராவுக்கு இரண்டு தரம் சொன்னார். தூசி புகுந்திருக்கும் என்று பதில் வந்தது. ஏணியை மடித்து வைத்துவிட்டு, அதன் போக்கில் விட்டார்.

விடாதவர் அமலினி. காலையில் கல்சா பக்கம் ஒரு வீட்டில் வேலை முடித்து, மதியம் திரும்பி, கணவர் சாப்பிடும் அரைமணித்தியாலம் அவர்தான் வாசல் அறையில் இருப்பார்.

"இஞ்சேருங்கோ, நான் சாவி எடுக்கேக்கை அது கீழை குனியுது."

"அது மெசின், அமலி. மெசினுக்கு என்ன ஆசை."

"மெசினுக்கு ஆசையில்லை எண்டு எனக்கும் தெரியும். ஆருக்கு ஆசை எண்டுதான் கேக்கிறன்."

கொட்வின் சிரித்துவிட்டுச் சாப்பிட்டார். அடுத்த நாளிலிருந்து அமலினி பின்முற்றத்தில் உடுப்புக் காயப்போடுவதை நிறுத்தினார். குசினிக்குள்ளேயே கயிறு கட்டினார். ஏன் என்று மரியா கேட்டதற்கு, வெயிலில் நிறம் போகிறது என்றார்.

ஜூன் முதல் வாரத்தில் தனேஸின் கட்டடத்தில் ஒரு வீட்டில் களவு நடந்தது. பூட்டு உடையவில்லை. இரண்டாவது ஞாயிறு கொட்வினின் கட்டடத்தில்.

அன்று மூன்றாம் மாடிச் சிஞ்ஞோரா லோ பிரெஸ்தி, எல்லா ஞாயிறும் போல, காலை ஒன்பதுக்கு மகளிடம் செபாலூவுக்குப் போனார். ஒன்பதரைக்குக் கொட்வின் குடும்பம் பூசைக்குப் போனது. பதினொன்றரைக்கு அவர்கள் திரும்பியபோது எல்லாம் அதனதன் இடத்தில் இருந்தது. தெருக்கதவு பூட்டியிருந்தது. வாசல் அறை பூட்டியிருந்தது. அதன் சாவி மீற்றர் பெட்டிக்கு மேல் இருந்தது. மூன்றாம் மாடிச் சாவி தன் கொளுக்கியில் தொங்கியது. மாலை ஆறு மணிக்குச் சிஞ்ஞோரா வந்து, தன் கதவைத் தன் சாவியால் திறந்து, படுக்கை அறைக்குப் போய், நகைப்பெட்டியும் இறந்துபோன கணவரின் ஏழு கைக்கடிகாரங்களும் இல்லை என்று கண்டார்.

பொலிஸ் வந்து எழுதிக்கொண்டு போனது. கதவில் ஒரு கீறல்கூட இல்லை. ரெக்கோடரில் ஒன்பது ஐம்பத்திரண்டு வரை படம் இருந்தது. அதற்குப் பிறகு பத்து நாற்பத்து மூன்று. இடையில் ஒன்றுமில்லை. பதிவை யாரோ நிறுத்தி, வேலை முடிந்ததும் மறுபடி தொடக்கியிருந்தார்கள்.

திங்கட்கிழமை காலாந்திரா கொட்வினைத் தன் அலுவலகத்துக்கு அழைத்தார். கதிரையில் இருத்தினார். கோப்பியும் வரவழைத்தார். அந்தக் கோப்பிதான் கொட்வினுக்குப் பயத்தைக் கொடுத்தது. பதினான்கு வருடத்தில் அது முதல் தரம்.

"உங்களை நான் சந்தேகிக்கவில்லை," என்றார் காலாந்திரா. "ஆனால் யோசியுங்கள். பூட்டு உடையவில்லை. சாவி உங்கள் அறையில். பதிவை நிறுத்தியவருக்குக் கடவுச்சொல் தெரியும். கடவுச்சொல் யார் யாருக்குத் தெரியும்?"

"எனக்கு. பொருத்தின ஆளுக்கு. உங்களுக்கு."

"றோபேட்டுக்கு?"

கொட்வின் கோப்பியைக் கீழே வைத்தார். காலாந்திரா ஒரு தாளை மேசையில் நகர்த்தினார். தட்டச்சு செய்து தயாராக இருந்தது; தனேஸை அவர் முதலே விசாரித்திருக்க வேண்டும். மார்ச் மாதத்தில் நான் ரெக்கோடரின் கடவுச்சொல்லை றோபேட் என்பவரிடம் கொடுத்தேன். அதை அவர் வேறு விதமாகப் பயன்படுத்துவார் என்று எனக்குத் தெரியாது. கீழே கையெழுத்துக்குக் கோடு.

"வியாழன் ஐந்து மணிக்கு வீட்டுக்காரர் கூட்டம். இது என் கையில் இருந்தால், நீங்கள் ஏமாற்றப்பட்டவர். இல்லாவிட்டால் உங்களை வேலையால் நிறுத்தும் தீர்மானம் வரும். வீட்டைக் காலி பண்ணும் திகதியும் அதோடு வரும். இரண்டு கட்டடம், கொட்வின். இரண்டிலும் நின்ற ஒரே மாற்றாள் அவர்தான். யன்னல் கதவு செய்கிறவர் வேறு."

தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கொட்வின் நடந்தே வீட்டுக்கு வந்தார். அமலினி அதை எழுத்தெழுத்தாக வாசித்தார். பிறகு குசினிக் கதவைச் சாத்தினார்.

"இதிலை பொய் ஒண்டும் இல்லையே. குடுத்தனீங்கள்தானே."

"குடுத்தது உண்மை. அவன் எடுத்தது உண்மையோ?"

"எனக்குத் தெரியாது. உங்களுக்குத் தெரியுமோ?" அமலினியின் குரல் இறங்கியது. "றோபேட்டுக்கு ஒரு அறை காணும். எங்களுக்கு? மரியாவுக்கு இன்னும் ரெண்டு வருசப் பள்ளிக்கூடம் இருக்கு. உங்கடை வயதிலை இந்த ஊரிலை ஆர் வீட்டோடை வேலை தரப்போறான்?"

செவ்வாய் மதியம் வாசல் அறையில் மனைவியை விட்டுவிட்டு, பஸ் ஏறிப் பிரான்காச்சோவுக்குப் போனார்.

பட்டறைக்குள் அலுமினியம் அறுக்கும் சத்தம் காதைக் கிழித்தது. றோபேட் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு வாசலுக்கு வந்தார். தனேஸின் கட்டடக் கதையும், காலாந்திரா கையெழுத்துக் கேட்கிறார் என்ற பேச்சும் அவருக்கு ஏற்கெனவே எட்டியிருந்தன. கொட்வினுடைய முகத்தைப் பார்த்ததும் மிச்சமும் விளங்கியிருக்க வேண்டும்.

"கேளுங்கோ அண்ணை. கேக்கத்தானே வந்தனீங்கள்."

"நீ ஆருக்கும் அந்த நம்பரைச் சொன்னனியோ?"

"இல்லை."

"ஆரோடையும் கதைச்சு, வாய் தவறி..."

"இல்லையெண்டு சொல்லுறன்." றோபேட் கைகளைக் காற்சட்டையில் துடைத்தார். "ஞாயிறு பத்து மணிக்கு நான் எங்கை நிண்டனான்? முதலாம் வாசகம் வாசிச்சது ஆர்? உங்கடை அமலினி அக்கா முன் வாங்கிலை இருந்தவ."

"பதிவை ஃபோனாலையும் நிப்பாட்டலாமெண்டு சொல்லுறாங்கள்."

சொன்ன பிறகுதான் கொட்வினுக்கு அது என்ன வார்த்தை என்று தெரிந்தது.

"அப்ப நான் வேதாகமத்தைப் பிடிச்சுக்கொண்டு மற்றக் கையாலை களவெடுத்தனான் எண்டுறியள். சரி. கையெழுத்து வைக்கிறதெண்டால் வையுங்கோ. என்ரை பேரைப் பிழையில்லாமல் எழுதச் சொல்லுங்கோ."

அவர் உள்ளே போனார். அறுக்கும் சத்தம் மறுபடி தொடங்கியது. பஸ்ஸுக்குக் காத்திருந்த நாற்பது நிமிடமும் கொட்வின் அந்தத் தாளைப் பையிலிருந்து எடுக்கவில்லை. ஆனால் கிழிக்கவும் இல்லை.

வழி காட்டியது மரி-ஜோசே. மொரிசியஸ்காரி, நான்காம் மாடியில் வீட்டுவேலை. புதன் காலை கொட்வினின் வாடிய முகத்தைக் கண்டு நின்று, முழுக் கதையையும் கேட்டார். தன் கணவர் தர்மென் துறைமுகத்தில் சரக்கு முற்றத்துக் கமராக்களைப் பராமரிப்பவர், வேலை முடிந்து வரச் சொல்கிறேன் என்றார். தர்மெனின் பூட்டன் தமிழ்நாட்டிலிருந்து மொரிசியஸுக்குக் கரும்பு வெட்டப் போனவர். தர்மெனுக்குத் தெரிந்த தமிழ் நாலைந்து சாமி பெயர்கள் மட்டும். ஆகவே எல்லாம் இத்தாலியனில் நடந்தது.

நான்கு மணிக்குத் தர்மென் மேசைக்குக் கீழே குனிந்து ஸ்டிக்கரைப் பார்த்தார். நீண்ட மூச்சு விட்டார்.

"பெப்ரவரியிலிருந்து இதேதானா?"

"ஓம்... ஸீ," என்று இத்தாலியனுக்கு மாறினார் கொட்வின். "இதேதான். ஐந்து கட்டடத்திலும்."

"கொட்வின், இந்த எண் உங்களுடைய ரகசியம் இல்லை. தொழிற்சாலையிலிருந்து வரும் எல்லாப் பெட்டிக்கும் இதுதான். பாவிக்கும் முறைப் புத்தகத்தில் அச்சடித்திருக்கிறது. புத்தகம் இணையத்தில் கிடக்கிறது. உலகத்தில் உள்ள எல்லாக் கதவையும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்க்கிற புரோகிராம்கள் இருக்கின்றன. அவை முதலில் தட்டுவது இந்த எண்ணால்தான். யாரும் யாருக்கும் சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை."

பிறகு ரெக்கோடருக்குள் ஒரு பக்கத்தைத் திறந்தார். அப்படி ஒரு பக்கம் இருப்பதே கொட்வினுக்குத் தெரியாது. யார், எந்த நேரம், எந்த இணைய முகவரியிலிருந்து உள்ளே வந்தார்கள், வந்து என்ன செய்தார்கள் என்று வரிவரியாக இருந்தது. ஞாயிறு 9.52: பதிவு நிறுத்தம். 9.58: தெருக்கதவு திறப்பு. 10.43: பதிவு தொடக்கம். மே மாதம் முழுக்க, மண்டபக் கமரா வலம், மண்டபக் கமரா கீழ், பெரிதாக்கு. தர்மென் இன்னும் கீழே, கீழே போனார். வெளியிலிருந்து வந்த முதல் ஆளின் வரி கடைசியில் இருந்தது. பொருத்திய அதே நாள், மாலை நான்கு மணி ஆறு நிமிடம்.

"பெட்டி இணையத்தோடு சேர்ந்து ஏழு மணித்தியாலத்தில் வந்திருக்கிறார்கள்," என்றார் தர்மென். "உங்கள் நண்பருக்கு எண்ணைச் சொன்னது எப்போது?"

"மார்ச்சில்."

"இது பெப்ரவரி."

கொட்வின் கதிரையில் இருந்தார். சட்டைப்பையில் தாள் சரசரத்தது. கமரா ஏன் சாவிப் பலகையைப் பார்த்தது என்பதும், மீற்றர் பெட்டிக்கு மேல் கை போவதை எத்தனை காலை அது பார்த்திருக்கும் என்பதும் அப்போதுதான் ஒன்றாக வந்து சேர்ந்தன. யாரோ ஒருவர் எங்கோ இருந்து, அவர் எந்த மாடிச் சாவியை எந்தக் கொளுக்கியில் போடுகிறார் என்று பாடம் படித்திருக்கிறார். பிறகு இன்னொருவர் அவருடைய வீட்டுக் கதவுக்கு மூன்று அடி தள்ளி நின்று சாவியை எடுத்து, திருப்பி வைத்துவிட்டும் போயிருக்கிறார்.

"கடவுச்சொல்லை இப்பவே மாற்றுவோம்," என்றார்.

"பொறுங்கள். முதலில் எல்லா வரியையும் படம் எடுக்க வேண்டும். பக்கத்தைப் பிரதி எடுக்க வேண்டும். அவர்கள் அழித்துவிட்டால் உங்களிடம் ஒன்றும் இருக்காது." தர்மென் இன்னொரு பக்கத்தைத் திறந்தார். இந்த நிமிடம் உள்ளே இருப்பவர்கள். இரண்டு வரி இருந்தது. ஒன்று மேசையில் இருந்த இவர்கள் இருவரும். மற்றது வெளி முகவரி. நாற்பத்தேழு நிமிடமாக உள்ளே.

மண்டபத்தில் மோட்டர் சத்தம் கேட்டது. கண்ணாடிக்கு வெளியே கமரா மெல்லத் திரும்பி, குனிந்து, மேசைக்கு முன்னால் இருந்த இரண்டு பேரிலும் நின்றது. தர்மென் திரையைப் படம் எடுத்தார். மறுபடி எடுத்தார். பிறகு மேசைக்குக் கீழே புகுந்து இணைய வயரைப் பிடுங்கினார்.

கமரா அப்படியே நின்றது, அவர்களைப் பார்த்தபடி.

ஒன்றரை மணித்தியாலம் வேலை நடந்தது. தர்மென் முதலில் தொழிற்சாலை தந்த அட்மின் என்ற பெயரை முடக்கினார். ஆளுக்கொரு பெயர் வைத்தார்: கொட்வினுக்கு ஒன்று, காலாந்திராவுக்கு ஒன்று. மாற்றாள் வரும்போது அவர் பெயரில் ஒன்று திறக்கலாம், அவர் போனதும் மூடலாம். படம் பார்க்க மட்டும் அனுமதி கொடுத்தால் போதும், பதிவை நிறுத்த விடத் தேவையில்லை. கடவுச்சொல்லாக மகளின் பெயரும் பிறந்த வருடமும் போடலாம் என்றார் கொட்வின். தர்மென் தலையை ஆட்டி மறுத்தார்.

"மகளை இந்த மண்டபத்தில் எத்தனை தரம் பெயர் சொல்லிக் கூப்பிட்டிருப்பீர்கள்? கமராவுக்குக் காதும் இருக்கிறது. ஒன்றோடொன்று சம்பந்தமில்லாத நாலு சொல் எடுங்கள். தமிழில் எடுங்கள், இத்தாலிய எழுத்தில் எழுதுங்கள். நீளம் முக்கியம். வேறு எங்கும் அதே சொற்களைப் பாவிக்க வேண்டாம். மனதில் நிற்காவிட்டால் தாளில் எழுதி வீட்டுக்குள் பூட்டி வையுங்கள். பெட்டியின் அடியில் ஒட்டாதீர்கள்."

கடைசியாக, கடவுச்சொல்லோடு தொலைபேசிக்கு வரும் ஓர் எண்ணும் கேட்கும்படி வைத்தார். ஐந்து தரம் பிழைத்தால் வருகிறவர் ஒரு மணித்தியாலம் வெளியே நிற்க வேண்டும். ரெக்கோடரின் பழைய மென்பொருளைப் புதியதாக்கினார். மீற்றர் பெட்டிச் சாவியைக் கொட்வின் தானே எடுத்துப் பையில் போட்டார். பிறகு மற்ற நான்கு போர்த்தியேரேக்களுக்கும் தொலைபேசி எடுத்தார்.

"தனேஸ், மேசைக்குக் கீழை இருக்கிற வயரைக் கழட்டு. இப்பவே. ஏனெண்டு பிறகு சொல்லுறன். ஒண்டையும் அழிக்காதை, வயரை மட்டும் கழட்டு."

வியாழன் ஐந்து மணிக்கு மண்டபத்தில் பிளாஸ்டிக் கதிரைகள் போட்டு வீட்டுக்காரர்கள் இருந்தார்கள். கதிரைகளை அடுக்கியது கொட்வின்தான். தன் மேல் வரும் தீர்மானத்துக்கும் அவர்தான் கதிரை போட வேண்டும். காலாந்திரா கையை நீட்டினார். கொட்வின் மடித்த தாளைக் கொடுத்தார். கோட்டுக்கு மேல் ஒன்றும் இல்லை. அதோடு பதினொரு பக்கப் பிரதியையும் கொடுத்தார்.

"முதல் களவன் பெப்ரவரியிலேயே உள்ளே வந்துவிட்டான், டொட்டோரே. றோபேட்டுக்கு நான் சொன்னது மார்ச்சில். கடவுச்சொல்லை மாற்றாமல் விட்டது என் பிழை. அதற்குக் கையெழுத்து வைக்கிறேன். இதற்கு வைக்க மாட்டேன்."

பிரதி கை மாறி மாறிப் போனது. நான்காம் மாடிக்காரர் ஒரு வக்கீல். பொருத்திய ஆளின் பொறுப்பு எங்கே முடிகிறது, பெட்டியை வருடாவருடம் பார்க்க யார் ஒழுங்கு செய்தது என்று கேட்டார். கமரா வாங்கத் தீர்மானித்த சென்ற வருடக் கூட்டத்தில், பராமரிப்பு ஒப்பந்தம் வேண்டாம் என்று கை தூக்கியவர்கள் அதே கதிரைகளில்தான் இருந்தார்கள். அவரும் தூக்கியிருந்தார்.

சிஞ்ஞோரா லோ பிரெஸ்தி பின்வரிசையில் இருந்து எழுந்தார். "நான் தலைமுடிக்குச் சாயம் பூசிக்கொண்டு கீழே இறங்கிய நாளெல்லாம் இவர்கள் பார்த்தார்களா?" யாரோ சிரிக்கத் தொடங்கி நிறுத்தினார். "ஞாயிற்றுக்கிழமை செபாலூவுக்குப் போகிறேன் என்று இந்த மண்டபத்தில் நின்றுதானே சொல்லுவேன். யார் அவர்கள்?"

பிரதியில் முகவரிகள் நாலு இருந்தன. பெயர் ஒன்றும் இல்லை.

தீர்மானம் கைவிடப்படவில்லை. செப்டெம்பர் கூட்டத்துக்குத் தள்ளப்பட்டது, பொலிஸ் விசாரணை முடியும்வரை என்று. ரெக்கோடர் வெளி இணையத்தோடு இருக்கவே கூடாது என்று தர்மென் எழுதிக் கொடுத்திருந்தார். ஆனால் காலாந்திராவுக்குத் தன் அலுவலகத்திலிருந்து பார்க்க வேண்டியிருந்தது. வயர் வெள்ளிக்கிழமை மறுபடி செருகப்பட்டது.

றோபேட்டிடம் கொட்வின் மன்னிப்புக் கேட்டார். ஞாயிறு கோயில் முற்றத்தில், தனேஸும் மற்றவர்களும் பார்க்க.

"சரி அண்ணை," என்றார் றோபேட். "மனதிலை வைக்கேல்லை. ஆனால் உந்தப் பெட்டியிலை என்ரை பேரைத் திறக்காதேங்கோ. இனி நான் ஒருத்தருக்கும் மாத்தாள் இல்லை." அவர் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். பிறகு மற்றப் பக்கத்து வாசலால் போனார்.

ஆவணியில் மடுவுக்குப் போகும் பயணத்தைக் கொட்வின் கைவிட்டார். இப்போது தினமும் காலை, மண்டபம் துடைக்குமுன், ரெக்கோடரின் அந்தப் பக்கத்தைத் திறக்கிறார். உள்ளே வர முயன்று மறுக்கப்பட்டவர்களின் பட்டியல். முதல் வாரம் நாளுக்கு நூறு, நூற்றிருபது வரி. எல்லாம் ஒரே பெயர்: அட்மின், அட்மின், அட்மின். தர்மென் பயப்பட வேண்டாம் என்றார். அவை மனிதர்கள் இல்லை, தெருவோடு போகிற புரோகிராம்கள். பூட்டியிருந்தால் அடுத்த வீட்டுக்குப் போய்விடும்.

இரண்டாம் வாரம் புதன்கிழமை, பத்து இருபதுக்கு, ஒரு வரி வேறு மாதிரி இருந்தது. பெயர்: கொட்வின். கடவுச்சொல் பிழை. அடுத்த வரியும் கொட்வின். ஐந்து தரம், ஒரு மணித்தியாலம் மௌனம், மறுபடி ஐந்து.

தெருவோடு போகிற புரோகிராமுக்கு அவருடைய பெயர் தெரியாது. அவரைப் பெயர் சொல்லி யாரோ கூப்பிடுவதைக் கேட்டிருந்தவருக்குத்தான் தெரியும். அந்த ஆள் ஒரு தரம் உள்ளே வந்துவிட்டால், இனிப் பதிவில் அட்மின் என்று இருக்காது; கொட்வின் பதிவை நிறுத்தினார், கொட்வின் கதவைத் திறந்தார் என்று இருக்கும். செப்டெம்பர் கூட்டத்துக்கு அது போதும்.

வரிகளைப் படம் எடுத்துப் பொலிஸில் கொடுத்தார். வாங்கிக்கொண்டார்கள். தர்மென் பயனர் பெயரை மாற்றிக் கொடுத்தார், யாரும் கூப்பிடாத ஒரு பெயராக. கொட்வினைத் தேடிய வரிகள் நிற்கவில்லை. வியாழன் பத்து, வெள்ளி பத்து, சனி மதியத்துக்குள் பதினைந்து.

ஞாயிற்றுக்கிழமைகளில் இப்போது அமலினியும் மரியாவும் ஏழு மணிப் பூசைக்குப் போகிறார்கள். அவர்கள் வந்து, வாசல் அறைக் கதிரையில் அமலினி அமர்ந்து, கதவை உள்ளே பூட்டிய பிறகுதான் கொட்வின் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு பத்து மணிப் பூசைக்குப் புறப்படுகிறார்.